5,001 ரூபாய்க்கு மூன்று மாதம்

வங்கிக் கடனைக் கட்டாதவரை எத்தனை நாள் சிறையில் வைக்கலாம் என்பதை உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 58ஆவது பிரிவு தொகையை வைத்தே தீர்மானிக்கிறது. தீர்ப்புத் தொகை 2,000 ரூபாய்க்கு மேற்படாவிட்டால் சிறை இல்லை. 2,000 ரூபாய்க்கு மேல் 5,000 ரூபாய் வரை அதிகபட்சம் ஆறு வாரம். 5,000 ரூபாயைத் தாண்டினால் அதிகபட்சம் மூன்று மாதம். அதற்கு மேல் படிநிலை கிடையாது. மூன்று மாதத்தை 90 நாளாக எடுத்துக்கொண்டால், 5,001 ரூபாய் பாக்கிக்காரர் ஒரு நாள் சிறைக்கு 55 ரூபாய் 57 காசு என்ற கணக்கில் உள்ளே இருக்கிறார். 7 லட்சம் ரூபாய் பாக்கிக்கு அது 7,778 ரூபாய். ஒரு கோடிக்கு 1,11,111 ரூபாய். முதலாவதற்கும் கடைசிக்கும் உள்ள விகிதம் 1:2,000. தொகை சிறுக்கச் சிறுக்க இந்தப் பிரிவின் பாரம் கூடுகிறது. தென்காசி, குற்றாலம் போன்ற ஊர்களில் சிறு கடன்தான் அதிகம் என்பதால் இந்தக் கணக்கை அங்கிருந்து பார்ப்பது பொருந்தும்.

இந்த வரம்புகளுக்கு ஒரு வரலாறு உண்டு. 1908இல் சட்டம் வந்தபோது 50 ரூபாய்க்கு மேற்பட்ட தீர்ப்புக்கு ஆறு மாதம், அதற்குக் குறைந்தால் ஆறு வாரம். சிறையே கிடையாது என்று சொல்லும் அடிமட்டத் தொகை அப்போது இல்லை. இங்கிலாந்து 1869ஆம் ஆண்டின் கடனாளிகள் சட்டத்தில் உச்ச அளவை ஆறு வாரமாகக் குறைத்து 39 ஆண்டுகள் ஆன பிறகும் இங்கே ஆறு மாதம் நின்றது. 1976 திருத்தம் ஆறு மாதத்தை மூன்று மாதமாக்கியது. 1,000 ரூபாய்க்கு மேல் மூன்று மாதம், 500க்கு மேல் 1,000 வரை ஆறு வாரம், 500 வரை சிறை இல்லை என்று பிரித்தது. 1999இல் நிறைவேறி 1 ஜூலை 2002இல் நடைமுறைக்கு வந்த திருத்தம் 500ஐ 2,000 ஆகவும் 1,000ஐ 5,000 ஆகவும் உயர்த்தியது. அதாவது 23 ஆண்டுகளில் முதல் வரம்பு 4 மடங்கும் இரண்டாவது 5 மடங்கும் ஏறின. 1999க்குப் பிறகு இரண்டிலும் ஒரு ரூபாய்கூட ஏறவில்லை.

ஏறாத தொகையை ஏறிய கூலியோடு வைத்துப் பார்க்கலாம். நூறு நாள் வேலைத் திட்டம் தொடங்கிய 2006இல் தமிழ்நாட்டில் ஒரு நாள் ஊதியம் 80 ரூபாய். 5,000 ரூபாய் என்றால் 62.5 நாள் வேலை. 2025-26இல் அந்த ஊதியம் 336 ரூபாய். 5,000 ரூபாய் 14.9 நாள் வேலைதான். சிறையே இல்லை என்ற 2,000 ரூபாய் வரம்பு அன்று 25 நாள் உழைப்பு, இன்று 6 நாள் உழைப்பு. சட்டத்தின் ஒரு சொல்லும் மாறாமலே, அதன் கைக்கு எட்டும் கடனாளிகளின் வட்டம் நான்கு மடங்குக்கு மேல் கீழே இறங்கிவிட்டது.

தொகையைப் போலவே நிபந்தனையும் முக்கியம். கட்ட முடியாதவரையும் கட்ட மறுப்பவரையும் பிரிக்கும் விதி 1936இல்தான் 51ஆவது பிரிவில் சேர்ந்தது. நீதிமன்ற எல்லையை விட்டு ஓடிவிடுவார் என்ற நிலை, வழக்கு தொடுத்த பிறகு சொத்தை நேர்மையின்றிக் கைமாற்றியோ ஒளித்தோ வைத்திருப்பது, தீர்ப்புக்குப் பிறகு கட்டும் வசதி இருந்தும் மறுத்தது அல்லது அசட்டை செய்தது, பிறர் நம்பி ஒப்படைத்த பணத்துக்குக் கணக்குக் காட்ட வேண்டியவராக இருப்பது: இவற்றில் ஒன்றாவது நிரூபிக்கப்பட வேண்டும். நீதிபதி காரணத்தை எழுத்தில் பதிய வேண்டும். வசதியைக் கணக்கிடும்போது ஜப்தி செய்யக் கூடாத சொத்துகளைச் சேர்க்கக் கூடாது. சம்பளத்தில் முதல் 1,000 ரூபாயும் மீதியில் மூன்றில் இரண்டு பங்கும், தொழிலாளியின் கருவிகளும், விவசாயி குடியிருக்கும் வீடும் அந்த விலக்கில் வரும்.

இந்த விதிக்கு உயிர் கொடுத்த வழக்கில் தொகை 7 லட்சம் ரூபாய்க்குச் சற்று மேல். ஜாலி ஜார்ஜ் வர்கீஸ் எதிர் பாங்க் ஆஃப் கொச்சின் என்ற அந்த வழக்கு மலைக்கு அந்தப் பக்கம் கேரளத்திலிருந்து எழுந்தது. 1972ஆம் ஆண்டு வழக்கொன்றில் வங்கி 2.5 லட்சம் ரூபாய்க்குத் தீர்ப்புப் பெற்றிருந்தது. வேறு இரண்டு தீர்ப்புகளையும் சேர்த்தால் மொத்தம் 7 லட்சத்தைத் தாண்டியது. கடனாளிகளின் அசையாச் சொத்துகள் ஏற்கெனவே ஜப்தியில் இருந்தன. இருந்தும் 22 ஜூன் 1979இல் கைது வாரண்டு பிறந்தது. ஒப்பந்தக் கடனைத் தீர்க்க இயலாமை ஒன்றையே காரணமாக்கி எவரையும் சிறையில் அடைக்கக் கூடாது என்று சொல்லும் சர்வதேச உடன்படிக்கையில் இந்தியா சேர்ந்தது 10 ஏப்ரல் 1979இல். வாரண்டு வந்தது அதற்கு 73 நாள் கழித்து. அடுத்த 227ஆவது நாள், 4 பிப்ரவரி 1980இல், நீதிபதிகள் வி.ஆர். கிருஷ்ணய்யரும் ஆர்.எஸ். பதக்கும் அந்த ஆணையை நீக்கினார்கள். கட்டவில்லை என்பது மட்டும் போதாது, கையில் வசதி வைத்துக்கொண்டு நேர்மையின்றி மறுத்தாரா என்று பார்க்க வேண்டும் என்றது தீர்ப்பு. ஏழ்மையைக் குற்றமாக்கக் கூடாது என்பதை அரசியல் சட்டத்தின் 21ஆவது கூறோடு சேர்த்துச் சொன்னது. 45 ஆண்டுகளுக்கு மேலாகியும் கடனாளிக்கு இதைவிடப் பலமான கேடயம் வேறில்லை. நோட்டீஸ் வாங்கும் எத்தனை பேருக்கு அது தெரியும் என்பதே என் கவலை.

நடைமுறையில் கைது இப்படி நடக்கிறது. வங்கி நிறைவேற்று மனு போடுகிறது. ஊர்ப் பேச்சில் அதற்கு இ.பி. என்று பெயர். காரணம் கேட்டு நோட்டீஸ் வருகிறது. ஆஜராகாவிட்டால் வாரண்டோடு அமீனா வருவார். சூரியன் மறைந்த பின்னும் உதிக்கும் முன்னும் வீட்டுக்குள் நுழைய அவருக்கு அதிகாரம் இல்லை. முழுத் தொகையையும் கைது செலவையும் அவரிடமே கட்டினால் அங்கேயே விடுவிக்க வேண்டும். நீதிமன்றம் சிறைக்கு அனுப்ப ஆணையிடும் முன் தொகையைத் திரட்ட 15 நாள் வரை அவகாசம் தரலாம். சிறையில் சாப்பாட்டுப் படியைக் கடன் கொடுத்தவர் முன்கூட்டியே கட்ட வேண்டும். கட்டாவிட்டால் கடனாளி வெளியே. கட்டினால் அந்தப் படி வழக்குச் செலவாகக் கடனில் ஏறும், ஆனால் அந்தப் படிக்காக மட்டும் அவரை அடைத்து வைக்க முடியாது.

கடன் எந்த வாசல் வழியாக வருகிறது என்பதைப் பொறுத்தும் சிறைக் காலம் மாறுகிறது. 20 லட்சம் ரூபாயும் அதற்கு மேலும் உள்ள வங்கிக் கடன்கள் கடன் வசூல் தீர்ப்பாயத்துக்குப் போகும். 2018 செப்டம்பர் வரை அந்த வரம்பு 10 லட்சம். தென்காசிக்காரர் அதற்கு ஏறத்தாழ 160 கி.மீ. தள்ளி மதுரைக்குப் போக வேண்டும். அங்கே வசூல் அதிகாரி பின்பற்றுவது வருமான வரிச் சட்டத்தின் இரண்டாம் அட்டவணை. அதன்படி 250 ரூபாய்க்கு மேற்பட்ட பாக்கிக்கு ஆறு மாதம் வரை காவல். உரிமையியல் நீதிமன்றத்தைப் போல் இரு மடங்கு. வருவாய் நிலுவையாக வசூலிக்கச் சட்டம் அனுமதிக்கும் தொகை என்றால் 1864ஆம் ஆண்டின் வருவாய் வசூல் சட்டம் வருகிறது: 50 ரூபாய் வரை மூன்று மாதம், 500 ரூபாய் வரை ஆறு மாதம், 500ஐத் தாண்டினால் இரண்டு ஆண்டு. வேண்டுமென்றே கட்டாமல் வைத்திருக்கிறார் அல்லது மோசடி செய்கிறார் என்று ஆட்சியர் நம்பக் காரணம் இருக்க வேண்டும் என்ற கட்டுப்பாடு உண்டு. ஆனால் 50, 500 என்ற எண்கள் 160 ஆண்டுகளுக்கு முந்தியவை. 600 ரூபாய் பாக்கியோடு நிற்கும் ஒருவருக்கு வாசலுக்கு வாசல் சிறைக் காலம் வெகுவாக மாறுகிறது. முதல் வாசலில் சிறையே இல்லை, மூன்றாவதில் உச்சம் 730 நாள்.

இனிக் குற்றாலம். சீசன் ஜூனில் சாரலோடு தொடங்கிச் செப்டம்பரில் முடிகிறது. நான்கு மாதம். நேந்திரங்காய் சிப்ஸ், அல்வா, மங்குஸ்தான், ரம்புட்டான், துண்டு, எண்ணெய் என்று அருவிக் கரையில் கடை போடுபவரின் ஆண்டு வருமானத்தில் பெரும் பகுதி அந்த 122 நாளில்தான் வருகிறது. அவர் ஒரு லட்சம் ரூபாயை 12 சதவீத வட்டிக்கு 36 மாதத் தவணையில் வாங்கியதாக வைத்துக்கொள்வோம். மாதத் தவணை 3,321 ரூபாய். ஆண்டுக்கு 39,857 ரூபாய். நான்கு மாத வருமானத்திலிருந்தே கட்டுவதானால் மாதம் 9,964 ரூபாய் எடுத்து வைக்க வேண்டும்; சீசன் முடியும்போது அடுத்த எட்டு மாதத்துக்கான 26,571 ரூபாய் தனியே கையில் இருக்க வேண்டும். கடை வாடகையும் வீட்டுச் செலவும் பிள்ளைகளின் படிப்பும் போக அப்படி எடுத்து வைக்க எல்லோராலும் முடிவதில்லை.

தவணை தேதி 5 என்று வைத்துக்கொண்டால், செப்டம்பர் வரை ஒழுங்காகக் கட்டியவர் அக்டோபர் 5ஆம் தேதித் தவணையைத் தவறவிட்டதிலிருந்து 90 நாள் ஜனவரி 3ஆம் தேதி முடிகிறது. கணக்கு வாராக்கடன் ஆகிவிடுகிறது. அடுத்த சீசனின் முதல் நாளுக்கு இன்னும் 149 நாள் இருக்கும். ரிசர்வ் வங்கி விதியில் பயிர்க்கடனுக்கு 90 நாள் கணக்கு இல்லை. குறுகிய காலப் பயிர் என்றால் இரண்டு பருவம், நீண்ட காலப் பயிர் என்றால் ஒரு பருவம் தவறினால்தான் வாராக்கடன். பாவூர்சத்திரத்துக் காய்கறி விவசாயிக்கு மழையையும் அறுவடையையும் கணக்கில் எடுக்கும் விதி, அதே மழையை நம்பி அருவிக் கரையில் கடை வைத்தவருக்குப் பொருந்துவதில்லை. குற்றாலத்துக் கடன்களில் நான் மாற்ற விரும்பும் ஒரே எண் இந்த 90.

இரண்டு ஆண்டுகள் அந்த எண் எப்படி வேலை செய்தது என்பதற்குத் தேதிகளே சாட்சி. கொரோனாவுக்காக ரிசர்வ் வங்கி தந்த தவணை விலக்கு 1 மார்ச் 2020 முதல் 31 ஆகஸ்ட் 2020 வரை, ஆறு மாதம். குற்றால அருவிகளில் குளிக்க மீண்டும் அனுமதி கிடைத்தது 15 டிசம்பர் 2020இல், அதாவது விலக்கு முடிந்து 106 நாள் கழித்து. கணக்குகளை வாராக்கடன் என்று அறிவிக்க உச்ச நீதிமன்றம் இடைக்காலமாகப் போட்ட தடை 23 மார்ச் 2021இல் விலகியது. ஏப்ரலில் அருவிகள் மறுபடி மூடின. திறந்தது 20 டிசம்பர் 2021. ஆக, விலக்கு ஆறு மாதம். வருமானம் இல்லாமல் போனது இரண்டு முழு சீசன். 1 ஜூன் 2020இல் அறிவிக்கப்பட்ட சாலையோர வியாபாரிகள் கடன் திட்டமான பி.எம். ஸ்வநிதி முதல் தவணையாக 10,000 ரூபாய் தந்தது. ஒழுங்காகக் கட்டியவருக்கு அடுத்து 20,000, பிறகு 50,000 கிடைத்தது. முதல் தொகையே 58ஆவது பிரிவின் 5,000 ரூபாய் வரம்பைப் போல் இரு மடங்கு. இவ்வளவு சிறிய கடனுக்கு வங்கிகள் கைது கேட்டு நீதிமன்றம் ஏறுவது அரிதாக இருக்கலாம். ஆனால் சட்டம் எழுதியிருக்கும் உச்ச தண்டனைக்குள் அந்தக் கடன் முழுதாக அடங்கிவிடுகிறது.

சிறைக்கு அனுப்பும் அதிகாரம் பணத்தைத் திரும்பக் கொண்டுவருகிறதா? ரிசர்வ் வங்கியின் 2019-20ஆம் ஆண்டுத் தற்காலிகக் கணக்கு நான்கு வழிகளை ஒப்பிடுகிறது. கைது அதிகாரம் உள்ள கடன் வசூல் தீர்ப்பாயங்களில் கோரிய 2,45,570 கோடி ரூபாயில் வசூலானது 10,018 கோடி, 4.1 சதவீதம். மக்கள் நீதிமன்றங்களில் 67,801 கோடியில் 4,211 கோடி, 6.2 சதவீதம். அடமானச் சொத்தை நேரடியாகக் கைப்பற்றும் சர்ஃபேசி சட்டத்தில் 1,96,582 கோடியில் 52,563 கோடி, 26.7 சதவீதம். நொடிப்புச் சட்டத்தில் 2,32,478 கோடியில் 1,05,773 கோடி, 45.5 சதவீதம். ஆள்மீது கை வைக்கும் அதிகாரம் எங்கே இருக்கிறதோ அங்கேதான் வசூல் விகிதம் மிகக் குறைவு. சொத்துமீது மட்டும் கை வைக்கும் இரண்டு சட்டங்களிலும் விகிதம் ஆறு மடங்குக்கு மேல். அடமானம் இருப்பது, வழக்குகள் தேங்குவது என்று வேறு காரணங்கள் இதில் உண்டு. கைதால்தான் வசூல் குறைந்தது என்று இதிலிருந்து சொல்ல முடியாது. கைதால் வசூல் கூடுகிறது என்று சொல்லவும் இந்த எண்கள் இடம் தரவில்லை.

மக்கள் நீதிமன்ற வரிசையில் இன்னொரு எண்ணைக் கவனிக்க வேண்டும். அந்த ஆண்டு அங்கே போன கணக்குகள் 59.87 லட்சம். 67,801 கோடியை அதால் வகுத்தால் ஒரு கணக்குக்கு 1.13 லட்சம் ரூபாய் வருகிறது. தமிழ்நாடு அரசு 2021 பிப்ரவரியில் அறிவித்த கூட்டுறவுப் பயிர்க்கடன் தள்ளுபடி 16.43 லட்சம் விவசாயிகளுக்கு 12,110 கோடி ரூபாய். தலைக்கு 73,700 ரூபாய் அளவு. சாதாரணக் கடனாளியின் உருவம் இந்த இரண்டு எண்களுக்கு இடையில் இருக்கிறது. மறுபுறம், 2023-24 வரையிலான பத்து நிதியாண்டுகளில் வங்கிகள் தங்கள் ஏட்டிலிருந்து நீக்கிய கடன் 16.35 லட்சம் கோடி ரூபாய் என்று மத்திய அரசு 2025 மார்ச்சில் நாடாளுமன்றத்தில் தெரிவித்தது. ஏட்டிலிருந்து நீக்குவது தள்ளுபடி அன்று, வசூல் தொடரும் என்பது அரசின் விளக்கம், அது சரியே. அந்தத் தொகை மேலே சொன்ன பயிர்க்கடன் தள்ளுபடியைப் போல் 135 மடங்கு.

தேங்கி நிற்கும் நிறைவேற்று மனுக்களின் எண்ணிக்கையை உச்ச நீதிமன்றமே 2025இல் திரட்டியது. தமிழ்நாட்டிலிருந்து சென்ற பெரியம்மாள் எதிர் வி. ராஜாமணி வழக்கில் எல்லா உயர் நீதிமன்றங்களிடமும் கணக்குக் கேட்டபோது கிடைத்த மொத்தம் 8,82,578. தமிழ்நாட்டில் 86,148; கேரளத்தில் 82,997. 2011 மக்கள்தொகையில் 6 சதவீதம் கொண்ட தமிழ்நாட்டில் தேக்கத்தின் 9.8 சதவீதம். லட்சம் பேருக்கு என்று பார்த்தால் நாட்டுச் சராசரி 73, தமிழ்நாடு 119, கேரளம் 248. புளியரைச் சோதனைச் சாவடியைத் தாண்டியதும் விகிதம் இரண்டு மடங்காகிறது. 1956 நவம்பர் 1 வரை அந்தப் பக்கத்தோடு இருந்த செங்கோட்டை இன்று இந்தப் பக்கக் கணக்கில். 14.08 லட்சம் மக்கள்தொகை கொண்ட தென்காசி மாவட்டத்துக்கு மாநிலச் சராசரியைப் பொருத்தினால் சுமார் 1,680 மனுக்கள் வரும். இது எண்ணிப் பார்த்த தொகை அன்று, சராசரியைப் பெருக்கி வந்தது. இவற்றில் சொத்து ஒப்படைப்பு, தடையாணை வகை மனுக்களும் அடங்கும்.

பெண்களின் கணக்கு வேறு. 56ஆவது பிரிவின்படி பணத் தீர்ப்புக்காகப் பெண்ணைக் கைது செய்யவோ சிறையில் வைக்கவோ முடியாது. தொகை 5,000 ஆனாலும் 5 கோடி ஆனாலும் இதுவே விதி. கடையநல்லூர், ஆலங்குளம் பக்கத்தில் பீடி சுற்றும் பெண்கள் குழுவாக வாங்கும் நுண்கடனில் நீதிமன்றக் கைது என்ற பேச்சுக்கே இடமில்லை. மிரட்டுபவர் அதைச் சொன்னால் அது பொய். அவர்களுக்கான பாதுகாப்பு வேறு எண்களில் இருக்கிறது: 1 ஏப்ரல் 2022 முதல் நடப்பில் உள்ள ரிசர்வ் வங்கி விதிப்படி, ஆண்டு வருமானம் 3 லட்சம் ரூபாய் வரை உள்ள குடும்பத்துக்குத் தரும் ஈடில்லாக் கடன் நுண்கடன், குடும்பத்தின் எல்லாக் கடன் தவணைகளும் சேர்ந்து மாத வருமானத்தில் 50 சதவீதத்தைத் தாண்டக் கூடாது, காலை 9 மணிக்கு முன்னும் மாலை 6 மணிக்குப் பின்னும் வசூலுக்கு அழைக்கக் கூடாது. பிற கடன்களுக்கு அழைக்க அனுமதிக்கும் நேரம் காலை 8 முதல் மாலை 7 வரை.

இந்த எல்லைகளுக்கு வெளியே நிற்பது கந்துவட்டி. வங்கித் தவணையை அடைக்கக் கந்துவட்டி வாங்குவது இந்தப் பகுதிக்குப் புதிதல்ல. இன்றைய தென்காசி மாவட்டப் பகுதியைச் சேர்ந்த ஒரு குடும்பம் 23 அக்டோபர் 2017இல் திருநெல்வேலி ஆட்சியர் அலுவலகத்தில் தீக்குளித்தது. தாய், தந்தை, இரண்டு குழந்தைகள் என நால்வரும் இறந்தார்கள். அன்று வெளியான செய்திகளின்படி வாங்கியது 1.45 லட்சம் ரூபாய், கட்டியது 2.34 லட்சம், அதன் பிறகும் கேட்கப்பட்டது 2 லட்சம். வாங்கியதில் 161 சதவீதம் கட்டிய பிறகும் பாக்கி 138 சதவீதம். தமிழ்நாட்டின் 2003ஆம் ஆண்டுக் கந்துவட்டித் தடைச் சட்டம் அப்படி வசூலிப்பவருக்கு மூன்று ஆண்டு வரை சிறையும் 30,000 ரூபாய் வரை அபராதமும் விதிக்க இடம் தருகிறது. அந்தச் சட்டம் வந்து அப்போது 14 ஆண்டுகள் ஆகியிருந்தன.

கடையநல்லூர் போன்ற ஊர்களிலிருந்து வளைகுடா போனவர்களுக்கு 17 ஜனவரி 2020 என்ற தேதி முக்கியம். ஐக்கிய அரபு அமீரகத்தை உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 44ஏ பிரிவின் கீழ் பரிமாற்ற நாடாக இந்தியா அறிவித்த நாள் அது. துபாயில் கடன் அட்டை பாக்கிக்கோ தனிநபர் கடனுக்கோ அங்குள்ள நீதிமன்றம் தந்த தீர்ப்பை அங்குள்ள வங்கி இங்கே மாவட்ட நீதிமன்றத்தில் நேராக நிறைவேற்றக் கேட்கலாம். புதிதாக வழக்குப் போட வேண்டியதில்லை. ஆனால் இங்கே வந்தபின் அதுவும் 51, 58 பிரிவுகளுக்குக் கட்டுப்பட்டது. வசதி இருந்தும் மறுத்தார் என்று நிரூபிக்க வேண்டும், உச்சம் மூன்று மாதம்தான்.

சிறையின் வரவு செலவையும் போட்டுப் பார்க்கலாம். ஒரு லட்சம் ரூபாய் தீர்ப்பு. தீர்ப்புக்குப் பிந்திய வட்டி 34ஆவது பிரிவின் பொது வரம்பான 6 சதவீதம் என்றால் மூன்று மாதத்தில் 1,500 ரூபாய், வணிகக் கடன் என்று 12 சதவீதம் அனுமதித்தால் 3,000 ரூபாய் கடனில் ஏறும். வழக்குத் தொடுக்க வங்கி கட்டிய நீதிமன்றக் கட்டணம் 3 சதவீதம், 3,000 ரூபாய்; செலவுத்தொகை தீர்ப்பில் சேர்ந்தால் அதுவும் கடனாளி தலையில். 2017க்கு முன் கட்டணம் 7.5 சதவீதம் என்பதால் அது 7,500 ரூபாயாக இருந்தது. சாப்பாட்டுப் படி தனி. வெளியே இருந்தால் மாதம் 26 நாள் வீதம் 78 நாளில், நாளுக்கு 336 ரூபாய் கூலி என்றாலும், 26,208 ரூபாய் சம்பாதித்திருப்பார். உள்ளே இருந்த மூன்று மாதத்தில் கடன் ஒரு ரூபாயும் குறையாது: சிறை கடனைத் தீர்க்காது என்று 58ஆவது பிரிவே சொல்கிறது. அதே தீர்ப்புக்காக அவரை மறுபடி கைது செய்ய முடியாது என்பது மட்டுமே அவருக்கு மிச்சம். தீர்ப்பு 12 ஆண்டுகள் உயிரோடு இருக்கும். இதே கடன் மக்கள் நீதிமன்றத்தில் சமரசமானால் வங்கி கட்டிய 3,000 ரூபாய் கட்டணம் முழுதும் திரும்பும். அதைக் கடனிலிருந்து கழித்துக் கேட்கக் கடனாளிக்கு நியாயம் இருக்கிறது.

இப்படி அடைபடுபவர்கள் எத்தனை பேர் என்று பார்த்தால் எண் சிறியது. 2022 டிசம்பர் 31 அன்று நாட்டின் சிறைகளில் 5,73,220 பேர்: விசாரணைக் கைதிகள் 4,34,302, தண்டனைக் கைதிகள் 1,33,415, தடுப்புக் காவலில் 4,324, மற்றவர்கள் 1,179. கடனுக்காக அடைபட்டவர்களுக்குத் தனித் தலைப்பு இல்லை. 'மற்றவர்கள்' அத்தனை பேரையும் கடனாளிகள் என்றே எடுத்தாலும் அது 0.21 சதவீதம். எண் சிறியது என்பதால் பயமும் சிறியது என்று ஆகாது. வாரண்டு என்ற சொல்லைக் கேட்டே நகையையும் மாட்டையும் விற்பவர்கள், கந்துவட்டிக்குப் போகிறவர்கள் எந்தச் சிறைப் புள்ளிவிவரத்திலும் வர மாட்டார்கள்.

நோட்டீஸ் வாங்கியவர் முதலில் செய்ய வேண்டியது குறித்த தேதியில் ஆஜராவது. வங்கிப் பாஸ்புக், கூலிச் சீட்டு, மருத்துவச் செலவு, பிள்ளைகளின் கட்டணம் என்று வசதி இல்லை என்பதைக் காட்டும் காகிதங்களோடு போக வேண்டும். பெண்களுக்கும் பட்டியல் சாதி, பழங்குடி மக்களுக்கும் வருமான வரம்பு பார்க்காமல் சட்டப்பணிகள் ஆணைக்குழு வழக்கறிஞரை இலவசமாகத் தரும். கைதானவர் திவால் மனு போடலாம் என்பதை நீதிமன்றமே அவரிடம் சொல்ல வேண்டும். அதற்கான வழி 1920ஆம் ஆண்டின் மாகாணத் திவால் சட்டத்தில் இருக்கிறது.

வரம்பை உயர்த்துவது நாடாளுமன்றத்தின் வேலை. கூலி ஏறிய 4.2 மடங்கை அப்படியே பொருத்தினால் 2,000 ரூபாய் 8,400 ஆகும், 5,000 ரூபாய் 21,000 ஆகும். அப்போது 20,000 ரூபாய் கடன் வாங்கிய தள்ளுவண்டிக்காரர் மூன்று மாத வரிசையிலிருந்து ஆறு வார வரிசைக்கு வருவார். 8,000 ரூபாய் பாக்கி வைத்தவருக்குச் சிறை என்ற பேச்சு இராது. 1976க்கும் 1999க்கும் இடையில் பிடித்த 23 ஆண்டு இடைவெளி 2022இலேயே கடந்துவிட்டது.